பூக்களைத் தூக்கிப் போடச் சொன்ன கலைஞர்: ஸ்டோக்-ஆன்-ட்ரெண்ட் பீங்கான் ஆலைகளின் கைவேலை குறித்த ஒரு நிகழ்வு ஆய்வு

எதைப் பற்றிய பதிவு இது

இங்கிலாந்தின் ஸ்டோக்-ஆன்-ட்ரெண்ட் நகரில் 230 ஆண்டுகளுக்கு மேல் ஒரே இடத்தில் ஓடிக்கொண்டிருந்த ஸ்போட் பீங்கான் ஆலை 2008இல் நின்றுபோனது. அந்த ஊரின் ஆலைகளில் ஆயுள் முழுக்க வேலை பார்த்த சில கைவினைஞர்களும், அதே ஊரைச் சேர்ந்த ஒரு பீங்கான் கலைஞரும் அதற்குப் பிறகு சேர்ந்து செய்த வேலையைத்தான் இங்கே பதிவு செய்கிறேன். 2017இல் தென் கொரியாவில் பார்வையாளர்கள் முன் நடந்த ஒரு நிகழ்த்துதல்வரை இந்தப் பதிவு செல்கிறது.

நிகழ்வு ஆய்வுகளின் வழக்கப்படி ஆட்களின் பெயர்களைத் தவிர்த்திருக்கிறேன். கண்காட்சிகளில் கைவினைஞர்களின் பெயர்கள் கலைஞரின் பெயரோடு சேர்த்தே அறிவிக்கப்பட்டன என்பதையும் சொல்லிவிட வேண்டும். பலரும் செய்யத் தவறுவதை இந்தக் கலைஞர் செய்தார்.

பின்னணி

ஸ்டோக்-ஆன்-ட்ரெண்ட் என்பது டன்ஸ்டால், பர்ஸ்லெம், ஹான்லி, ஸ்டோக், ஃபென்டன், லாங்டன் என்ற ஆறு சிற்றூர்கள் 1910இல் ஒன்றாக இணைந்து உருவான நகரம். மொத்தப் பகுதிக்கும் பாட்டரீஸ் என்றே பெயர். அடியில் நிலக்கரி கிடைத்ததால்தான் தொழில் அங்கே வேர்விட்டது. ஒரு பங்கு மண்ணைச் சுட அதைவிடப் பல மடங்கு நிலக்கரி வேண்டும். அதனால் மண் இருக்கும் இடத்துக்கு நிலக்கரி போகவில்லை. தென்மேற்குக் கோடியில் உள்ள கார்ன்வாலின் வெள்ளை மண் கப்பலிலும் கால்வாய்ப் படகிலும் ஸ்டோக்குக்கு வந்தது. உச்சக்கட்டத்தில் பாட்டில் வடிவில் கட்டிய ஏறத்தாழ 2,000 செங்கல் சூளைகள் அங்கே புகைந்தன. 1956ஆம் ஆண்டின் தூய காற்றுச் சட்டத்துக்குப் பிறகு எரிவாயுவும் மின்சாரமும் வந்தன. இன்று 50க்கும் குறைவான சூளைகளே நிற்கின்றன, அதுவும் நினைவுச் சின்னங்களாக.

ஸ்போட் ஆலை அந்த இடத்தில் 1776இல் தொடங்கியது. மெருகுப் பூச்சுக்கு அடியில் நீல வண்ணப் படங்களை அச்சிடும் முறையை 1780களில் அது செம்மைப்படுத்தியது. போன் சைனா எனப்படும் எலும்புச் சாம்பல் பீங்கானுக்கு நிலையான செய்முறை கிடைத்ததும் அங்கேதான். பாதி எலும்புச் சாம்பல், கால் பங்கு வெள்ளைக் களிமண், கால் பங்கு சீனக்கல் எனும் பாறைப் பொடி என்ற விகிதத்தை மற்ற ஆலைகளும் எடுத்துக்கொண்டன. 1816இல் வந்த அதன் ‘ப்ளூ இத்தாலியன்’ வடிவமைப்பு இன்றும் விற்பனையில் இருக்கிறது. ரோமானிய இடிபாடு ஒன்றும் ஆற்றங்கரையும் மேய்ப்பர்களும் கொண்ட படம் அது. அந்த இடிபாட்டைப் பற்றிப் பின்னால் மறுபடி பேச வேண்டியிருக்கும்.

இந்த நிகழ்வைப் புரிந்துகொள்ள வேலைப் பிரிவினையைத் தெரிந்துகொள்வது அவசியம். நம் ஊர்க் குயவர் மண் பிசைவதிலிருந்து சூளை பிரிப்பதுவரை எல்லாம் அறிந்தவர். ஸ்டோக் ஆலையில் அப்படி ஒருவரும் கிடையாது. வார்ப்பு அச்சு செய்பவர், வார்ப்பவர், விளிம்பைச் சீவித் தேய்ப்பவர், மெருகில் முக்குபவர், சூளை அடுக்குபவர், படம் வரைபவர், தங்கக் கோடு இழுப்பவர் என ஒரு தட்டு பல கைகள் மாறும். ஒவ்வொரு கைக்கும் அதன் பங்கு மட்டுமே தெரியும்.

நீல அச்சு வேலையை மட்டும் எடுத்துப் பாருங்கள். செதுக்குநர் செப்புத் தகட்டில் கோடுகளாலும் புள்ளிகளாலும் படத்தைச் செதுக்குவார். எங்கே ஆழமாக வெட்டுகிறாரோ அங்கே நிறம் அடர்ந்து விழும். தகட்டைச் சூடாக்கி, எண்ணெயில் குழைத்த கோபால்ட் வண்ணத்தைத் தேய்த்து, மிஞ்சியதை வழித்தெடுத்து, சோப்பு நீர் பூசிய மெல்லிய டிஷ்யூ காகிதத்தை அதன்மேல் வைத்து உருளையில் அழுத்துவார் அச்சிடுபவர். ஈரம் காய்வதற்குள் ஒரு பெண் அந்தக் காகிதத்தைக் கத்தரித்துத் தருவார். இன்னொரு பெண் அதை ஒருமுறை மட்டும் சுட்ட பாத்திரத்தில் ஒட்டி, முரட்டுத் தூரிகையால் அழுத்தித் தேய்ப்பார். ஒரு கோப்பையின் வளைவில் தட்டையான காகிதத்தைச் சுருக்கம் விழாமல், படத்தின் இரண்டு முனைகளும் பிசகாமல் சேரும்படி ஒட்ட வேண்டும். அப்புறம் தண்ணீரில் காகிதத்தைக் கழுவிவிட்டு, எண்ணெய் எரியும் அளவுக்கு ஒருமுறை சுட்டு, மெருகில் முக்கி, மறுபடி சுடுவார்கள். எந்தக் கட்டத்தில் பிழை நேர்ந்தாலும் பாத்திரம் கழிவுதான்.

இந்தப் பாரம்பரியத்தைப் புகழும்போது அதன் விலையையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். மண்ணில் கலக்கும் தீக்கல் பொடியின் தூசு நுரையீரலில் படிந்து வந்த சிலிக்கோசிஸ் நோய்க்கு அங்கே ‘குயவர் அழுகல்’ என்றே பெயர். 19ஆம் நூற்றாண்டில், சூளையிலிருந்து நல்லபடி வெளிவந்த பொருளுக்கு மட்டுமே கூலி என்ற முறை நடைமுறையில் இருந்தது. சூளைக்காரர் பிசகினால் வார்த்தவருக்குக் கூலி போகும். நான் இந்த நிகழ்வைப் படிக்கும்போதெல்லாம் இந்தக் கூலி முறை நினைவில் நிற்கிறது. காரணம் கீழே வரும்.

2008: ஆலை மூடல்

தொழில் ஒரே நாளில் சரியவில்லை. வடிவமைப்பை ஒட்டுப்படமாக அச்சிட்டு ஒட்டும் முறை பரவியதும் செதுக்குநர்களுக்கும் ஓவியர்களுக்கும் வேலை குறைந்தது. திருமணத்துக்கு முழு விருந்து செட் வாங்கும் பழக்கம் வீடுகளில் நின்றது. எரிபொருள் விலை ஏறியது. 2000களில் பெரிய நிறுவனங்கள் உற்பத்தியை இந்தோனேசியாவுக்கும் சீனாவுக்கும் நகர்த்தின. பர்ஸ்லெமின் நைல் தெருவில் இருந்த ராயல் டவுல்டன் ஆலை 2005இல் மூடப்பட்டது.

ஸ்போட் 2008 நவம்பரில் திவால் நிர்வாகத்தின் கைக்குப் போனது. 2009 ஏப்ரலில் ஸ்டோக்கின் மற்றொரு பீங்கான் நிறுவனமான போர்ட்மேரியன் ஸ்போட் என்ற பெயரையும் வடிவமைப்புகளையும் வாங்கியது. ஆலையை வாங்கவில்லை. பெயர் பிழைத்தது, ‘ப்ளூ இத்தாலியன்’ ஸ்டோக்கிலேயே வேறு கூரையின் கீழ் தொடர்ந்தது. ஆனால் சர்ச் தெருவில் இருந்த அந்தப் பெரிய வளாகம் காலியானது. இதற்கு இடையில், 2009 ஜனவரியில், அந்த ஊரின் இன்னொரு பெரிய பீங்கான் பெயரான வெட்ஜ்வுட் குழுமமும் திவால் நிர்வாகத்துக்குப் போயிருந்தது. ஒரே குளிர்காலத்தில் ஊருக்கு இரண்டு அடி.

உள்ளே போனவர்கள் கண்டவை பல இடங்களில் பதிவாகியிருக்கின்றன. பல்லாயிரம் பிளாஸ்டர் அச்சுகள் அலமாரிகளில் அடுக்கியபடியே இருந்தன. வார்த்து முடிக்காத பொருள்களும் முதல் சூட்டோடு நின்றுவிட்ட தட்டுகளும் கிடந்தன. கடன் கொடுத்தவர்கள் போட்ட கணக்கில் பெயருக்கும் மனைக்கும் விலை இருந்தது. அந்த அச்சுகளைக் கையாளத் தெரிந்த மனிதர்களுக்கு எந்தப் பத்தியிலும் இடம் இல்லை.

கலைஞர் எங்கிருந்து வந்தார்

இந்தக் கலைஞர் வெளியிலிருந்து இடிபாட்டை ரசிக்க வந்தவர் அல்ல. 1980களில், பள்ளி முடித்த வயதில், வெட்ஜ்வுட் ஆலையில் மாதிரி செதுக்கும் வேலை பழகச் சேர்ந்தவர். பிறகு கலைக்கல்லூரிக்குப் போனார், லண்டனின் ராயல் கலைக்கல்லூரியில் முதுகலை முடித்தார். ஊர் திரும்பி வந்தபோது தான் பழகிய தொழில் கண்ணெதிரே சரிந்துகொண்டிருந்தது.

அவருடைய முதல் பதில் கழிவுகளைச் சேகரிப்பது. ஸ்டோக் நகரத்தின் நிலமே பீங்கான் கழிவின் மேல் நிற்கிறது. செங்கல் மண் எடுத்த பள்ளங்களை உடைந்த பாத்திரங்களால் நிரப்பினார்கள். சீவித் தள்ளிய மண் சுருள்கள், சூளையில் பாத்திரங்கள் ஒட்டிக்கொள்ளாமல் இடையே வைக்கும் மும்முனைத் தாங்கிகள், உருகிச் சிதைந்த துண்டுகள் ஆகியவற்றையே தன் படைப்புகளின் பொருளாக்கினார். இதோடு ஆலைகளில் மிச்சமிருந்த வேலைகளைப் படம் பிடித்து வந்தார்.

இந்தக் கட்டத்தின் பொருள்கள் அழகானவை. ஆனால் அதோடு அவர் நின்றிருந்தால் இதை நான் எழுதியிருக்க மாட்டேன். மூடிய ஆலையின் துருவையும் உடைசலையும் கலைக்கூடத்தில் வைப்பது பல நாடுகளில் நடக்கிறது. அதில் வேலை செய்த மனிதர் எப்போதும் இல்லாதவராகவே இருக்கிறார்.

முதல் முடிவு: ஆட்களை அழைப்பது

2009இல் நகரத்தில் ‘பிரிட்டிஷ் செராமிக்ஸ் பைனியல்’ என்ற, ஈராண்டுக்கு ஒருமுறை நடக்கும் பீங்கான் விழா தொடங்கியது. 2011 முதல் காலியான ஸ்போட் ஆலையே அதன் முக்கியக் களமானது. 2012இல் நார்வேயின் பெர்கன் கலைக்கல்லூரியோடு சேர்ந்து அந்த ஆலைக்குள்ளேயே ஓர் ஆய்வுத் திட்டத்தைக் கலைஞர் தொடங்கினார். பல நாட்டுக் கலைஞர்கள் அங்கே தங்கி, தொழில் போன பிறகு ஓர் இடத்தில் என்ன மிஞ்சுகிறது என்ற கேள்வியோடு வேலை செய்தார்கள்.

இந்தச் சூழலில்தான் திருப்பம் வந்தது. பொருள்களைக் காட்டுவதை விட்டு, அவற்றைச் செய்த ஆட்களையே பார்வையாளர்கள் முன் உட்கார வைக்க அவர் முடிவெடுத்தார். காரணம் தெளிவானது. அச்சும் தகடும் அருங்காட்சியகத்துக்குப் போய்விடும். தகட்டில் எவ்வளவு அழுத்த வேண்டும் என்பது செதுக்குநரின் மணிக்கட்டில் இருக்கிறது. அவர் போனால் அது போய்விடும்.

ஆலைப் பயிற்சி பெற்ற ஓர் ஓவியரோடு செய்த வேலை இதில் முக்கியமானது. ஸ்போட் வளாகத்தில் கைவிடப்பட்டுக் கிடந்த தட்டுகளை எடுத்துக் கொடுத்து, அவற்றின் பின்புறத்தில் வரையச் சொன்னார் கலைஞர். தட்டின் பின்புறம் நிறுவன முத்திரைக்கு உரிய இடம். வரைந்தவரின் கைக்கு அங்கே உரிமை இருந்ததில்லை. வரைய வேண்டியது அந்த ஆலைகளின் இடிபாடுகளையே.

இப்போது ‘ப்ளூ இத்தாலியன்’ தட்டை நினைத்துப் பாருங்கள். 200 ஆண்டுகளாக இந்த ஊர் எங்கோ இருக்கும் ரோமானிய இடிபாட்டை ரசனைப் பொருளாக்கி உலகுக்கு விற்றது. அதே மரபில் கை பழகிய ஒருவர், அதே கவனத்தோடு, தன் வேலையிடத்தின் உடைந்த கூரையை வரைகிறார். இந்த முழு முயற்சியிலும் என்னை மிகவும் பாதித்த வேலை இதுதான். திறமை குன்றவில்லை, அதற்கான தேவைதான் குன்றியது என்பதை அந்தத் தட்டைப் பார்க்கும் எவரும் உணர்வார்கள்.

இரண்டாவது முடிவு: தானே மாணவராவது

2015இல் கலைஞர் இன்னொரு படி போனார். செதுக்குநர், பீங்கான் பூ செய்பவர், ஓவியர் ஆகியோரிடம் மறுபடி பயிற்சிக்குச் சேர்ந்தார். கல்லூரியில் பாடம் நடத்தும் நிலையில் இருப்பவர் ஓய்வுபெற்ற தொழிலாளிகளிடம் மாணவராக உட்கார்ந்தார்.

இதை வெறும் பணிவுச் சைகையாக நான் பார்க்கவில்லை. ஆவணப்படுத்துபவர் கேமராவுக்குப் பின்னால் நிற்கும்வரை, கைவினைஞர் ‘இப்படித்தான்’ என்று செய்து காட்டுவதோடு நின்றுவிடுவார். எதிரே ஒருவர் தப்பாகச் செய்யும்போதுதான் ‘அங்கே அழுத்தாதே, இங்கே திருப்பு’ என்ற சொல் வரும். வருடக்கணக்கில் வாய்விட்டுச் சொல்லத் தேவைப்படாத அறிவு அப்போது வெளியே வருகிறது. அதே ஆண்டு தென் கொரியாவின் கியோங்கி சர்வதேச பீங்கான் விழாவில் கலைஞருக்குப் பெரும் பரிசு கிடைத்தது. அடுத்த கட்டத்துக்கான வழியும் அங்கிருந்தே திறந்தது.

மூன்றாவது முடிவு: இச்சோன், 2017

இச்சோன் கொரியாவின் பீங்கான் நகரம். 1962இல் இயற்றிய பண்பாட்டுச் சொத்துப் பாதுகாப்புச் சட்டத்தின்படி கொரியா கைத்திறனையும் நாட்டின் சொத்தாக ஏற்றுக்கொண்டது. அதைக் கொண்டிருக்கும் மனிதரை அரசு அடையாளம் கண்டு, உதவித்தொகை கொடுத்து, அடுத்தவருக்குக் கற்றுத்தரும் பொறுப்பையும் கொடுக்கிறது. பிரிட்டனில் அப்போது அப்படி எதுவும் இல்லை. கட்டடத்துக்கும் பொருளுக்கும் பாதுகாப்பு உண்டு, கைக்குக் கிடையாது.

அந்த மண்ணில், ஸ்டோக்கிலிருந்து வந்த பூ செய்பவரும் வார்ப்பு அச்சு செய்பவரும் கொரியக் கைவினைஞர்களோடு பார்வையாளர்கள் முன் வேலை செய்தார்கள்.

பூ செய்யும் வேலையைக் கொஞ்சம் அருகில் பார்க்கலாம். போன் சைனா மண்ணில் சிறு உருண்டை கிள்ளி, உள்ளங்கையில் வைத்துக் கட்டைவிரலால் அழுத்தினால் ஓர் இதழ். ஓரம் காகிதம்போல் மெலிந்திருக்கும், அடி மட்டும் கொஞ்சம் தடிப்பாக இருக்கும். ரோஜாவுக்கு நடுவில் ஒரு மொட்டு, அதைச் சுற்றி இதழ் மேல் இதழ். கருவிகள் மிகச் சில, வேலையெல்லாம் விரலில். இதழின் முதுகில் செய்தவரின் தோல் ரேகை பதிந்திருக்கும். எண்ணிக்கைக்குக் கூலி வாங்கிப் பழகிய கை என்பதால், பார்ப்பவர் கண்ணுக்கு இதழ் எப்போது பிறந்தது என்றே தெரியாத வேகம் அதில் உண்டு.

கலைஞர் கொடுத்த அறிவுறுத்தல் ஒன்றே ஒன்று: பூவைச் செய்து முடித்ததும் தூக்கிப் போட்டுவிடுங்கள். சுடுவதில்லை, விற்பதில்லை. ஒவ்வொன்றும் குவியலில் விழுந்தது. குவியல் வளர்ந்துகொண்டே போனது.

ஏன் இப்படி? பூவைக் கண்ணாடிப் பேழையில் வைத்திருந்தால் பார்வையாளர் பூவைப் பார்த்துவிட்டுப் போயிருப்பார். பூ விழுந்ததால் கண் கைக்குத் திரும்பியது. விற்பனைக்கும் பாதுகாப்புக்கும் வாய்ப்பில்லாதபோது மிஞ்சுவது செய்யும் செயல் மட்டும். இந்தத் திறமையை ஒரு நாடு என்ன செய்தது என்ற கேள்வியை யாரும் விளக்கத் தேவையில்லாமல் குவியலே கேட்டது.

முடிவு சரியானது என்றே நினைக்கிறேன். ஆனால் அதில் ஒரு வலி இருக்கிறது, அதை மூடி மறைக்கக் கூடாது. நல்லபடி வெளிவந்ததற்கு மட்டும் கூலி என்று ஒரு காலத்தில் இருந்த ஊர் அது. வீணானது தன் பையிலிருந்து போகும் என்ற பயத்தில் தலைமுறைகள் வேலை செய்தன. அப்படிப்பட்ட மரபில் வந்த ஒருவரிடம், குறையே இல்லாத பூவைக் கையால் தூக்கிப் போடு என்று கேட்பது லேசான காரியம் அல்ல.

பின்விளைவு

தொழிற்சாலைக் கைவேலை கலைக்குக் கீழே என்ற பழைய வரிசை இந்த வேலைகளால் ஓரளவு ஆட்டம் கண்டது. ஓவியரும் பூ செய்பவரும் சர்வதேச மேடையில் பெயரோடு நின்றார்கள். பிரிட்டன் 2024இல்தான் அருவப் பண்பாட்டு மரபுக்கான, அதாவது கைத்திறன் போன்ற பொருளாக இல்லாத மரபுக்கான, யுனெஸ்கோவின் 2003ஆம் ஆண்டு உடன்படிக்கையில் சேர்ந்தது. அதற்கு இந்த ஒரு முயற்சி காரணம் என்று சொல்ல முடியாது. ஆனால் தொழிற்சாலைத் திறமையும் மரபுதான் என்ற பேச்சை முன்னரே தொடங்கியவர்களில் இவர்களும் உண்டு.

இன்னொரு பக்கம், மூடிய ஆலைகளின் வேலை திரும்பவில்லை. நிகழ்த்துதல் முடிந்ததும் பூ செய்பவருக்குப் பக்கத்தில் உட்கார ஓர் இளம் கை வேண்டும். அதைக் கலைவிழா தர முடியாது. ஒப்பிட்டுப் பார்க்க அதே ஊரில் ஓர் இடம் இருக்கிறது. 1888இல் கட்டிய மிடில்போர்ட் ஆலை 2011இல் ஓர் அறக்கட்டளையால் மீட்கப்பட்டு 2014இல் பழுதுநீங்கித் திறந்தது. பர்லி என்ற பெயரில் விற்கும் பாத்திரங்கள் அங்கே இன்றும் செப்புத் தகட்டு உருளையிலிருந்து டிஷ்யூ காகிதத்தில் அச்சாகின்றன. அங்கே ஆர்டர் வருகிறது, அதனால் ஆள் எடுக்கிறார்கள், அதனால் கை பழகுகிறது. கலைஞரின் வேலை ஒரு திறமையைக் காணச் செய்தது. மிடில்போர்ட் அதற்குச் சம்பளம் கொடுக்கிறது. இரண்டில் ஒன்று போதும் என்று எனக்குத் தோன்றவில்லை.

மாற்ற வேண்டியவை

முதலாவது, நேரம். இங்கே பெரும்பாலான வேலை ஆலை மூடிய பிறகு நடந்தது. கைகள் தனித்தனியே கிடைத்தன, அவற்றுக்கு இடையே இருந்த தொடர்பு கிடைக்கவில்லை. அச்சிடுபவரும் காகிதம் ஒட்டுபவரும் ஒருவருக்கொருவர் கண்ணால் பேசிக்கொண்டது ஓர் ஓய்வுபெற்றவரைத் தனியாக உட்கார வைத்தால் வராது. ஓர் ஆலை தள்ளாடுகிறது என்று தெரிந்ததுமே, உற்பத்தி ஓடும்போதே, முழு வரிசையையும் பதிவு செய்யத் தொடங்க வேண்டும்.

அடுத்தது கைவினைஞரின் குரல். தூக்கிப் போடும் அறிவுறுத்தலுக்குக் கலைஞர் தரும் விளக்கம் எங்கும் கிடைக்கிறது. பூவைப் போட்டவருக்கு முதல் நாள் எப்படி இருந்தது, பிறகு எப்படி மாறியது என்பதை அவர் சொல்லில், அதே நீளத்தில், அதே இடத்தில் வைக்க வேண்டும். இதுபோன்ற வேலையை நம்மில் யாராவது எடுத்தால் ஒப்பந்தத்திலேயே இதை எழுதிவிடலாம்: கூலி எவ்வளவு, பெயர் எங்கே வரும், பதிவுகளில் கைவினைஞருக்கு என்ன உரிமை, வேண்டாம் என்று சொல்ல அவருக்கு எந்தக் கட்டம்வரை வழி உண்டு.

கடைசியாக, மாணவர். கலைஞர் தானே பயின்றது நல்ல தொடக்கம். ஆனால் ஆலையில் ஒரு செதுக்குநர் உருவாகப் பல ஆண்டுகள் ஆகும்; ஒரு விழாவுக்கான காலம் அதற்குப் போதாது. திட்டத்தின் பணத்தில் ஒரு பங்கை, ஆரம்பத்திலேயே, சம்பளத்தோடு ஓர் இளைஞரைச் சில ஆண்டுகள் கற்றுக்கொள்ள வைக்க ஒதுக்கியிருக்க வேண்டும். கண்காட்சிக்கு நிதி கேட்கும் விண்ணப்பத்திலேயே அந்தச் சம்பளத்துக்கும் ஒரு வரி சேர்க்கலாம்.